செவ்வாய்ச் சந்தையில் எடுத்த அளவு

நான் பயந்தாங்கொள்ளி. இதை முதல்லயே சொல்லிப்போடறேன். அப்புறமேட்டுக்கு யாரும் என்னைப் பத்தி ஒசத்தியா நெனச்சு ஏமாறக் கூடாது பாருங்க. ஒடம்பு என்னவோ ஆறடி. மீசையை ரெண்டு பக்கமும் முறுக்கி விட்டிருப்பேன். தையல் மிஷினை மிதிச்சு மிதிச்சுக் காலும் கட்டையாட்டம் இருக்கும். ஆனா காக்கிச் சட்டை ஒண்ணு கடை வாசல்ல வந்து நின்னாப் போதும், தச்சது பாதியில கெடக்க, எந்திரிச்சுக் கையைக் கட்டிக்குவேன். அந்தக் காக்கிச் சட்டையைத் தச்சுக் குடுத்ததே நாந்தான். என்ன பொழப்பு பாருங்க.

எங்க ஊரு சேலத்துக்கும் நாமக்கல்லுக்கும் நடுவுல இருக்குது. செவ்வாக்கெழமை சந்தை கூடும். என் கடை போலீஸ் ஸ்டேஷனுக்கு நேர் எதுத்தாப்புல. நடுவுல ஒரு மண்ரோடு, அவ்வளவுதான். ஸ்டேஷன் வாசல்ல ஒரு தண்டவாளத் துண்டைக் கட்டித் தொங்கவிட்டு, மணிக்கு ஒருக்கா பாராக்காரரு அதை அடிப்பாரு. அந்தச் சத்தத்தை வெச்சுத்தான் கடைவீதியே சோத்துக்குப் போகும், கடை அடைக்கும்.

எதுத்தாப்புல கடை வெச்சா ஒரு வினை உண்டு. போலீசுக்காரங்க எதையாச்சும் புடிச்சா, புடிச்ச எடத்துல ஊர்க்காரங்க ரெண்டு பேரு கூட நின்னு பாத்து, ‘ஆமா, இது இங்கதான் கெடச்சுது, இந்தாளுகிட்டத்தான் கெடச்சுது’ன்னு கையெழுத்துப் போடோணும். அந்தத் தாளுக்கு மகஜர்னு பேரு. வேகாத வெய்யில்ல மூணு மைலு நடந்து போயி எவன் நின்னு பாக்கறான்? அதனால ஸ்டேஷன்லயே ஒக்காந்து எழுதி முடிச்சுட்டு, ரோட்டைத் தாண்டி ஒரு சத்தம். “தையக்காரரே, ஒரு கையெழுத்து!” நானும் டேப்பைக் கழுத்துல போட்டுக்கிட்டு ஓடுவேன். பக்கத்து வெத்தலைக்கடைக்காரரு பெருவெரலை வெப்பாரு. நான் முழுசாக் கையெழுத்தே போடுவேன். எழுதத் தெரிஞ்சவன்னு ஒரு பெருமை வேற. அடுத்த ஊட்டுக்குக் கொழம்புக் கிண்ணம் குடுத்தனுப்பற மாதிரி, அதை ஒரு அனுசரணைன்னுதான் நெனச்சுட்டு இருந்தேன். அந்தத் தாளு எங்க போகுது, அதுல யாரு மாட்டறாங்கன்னு ஒரு நாளும் கேட்டதில்லே.

அப்ப கள்ளுக்கடையெல்லாம் மூடியிருந்தாங்க. ராஜ்ஜியத்துலயே முதல்ல எங்க சேலம் ஜில்லாவுலதான் மூடுனாங்க. நல்ல காரியந்தான், நான் குத்தம் சொல்லலே. எங்கூட்டுக்காரியே சாமிக்கு ரெண்டு தேங்கா ஒடச்சா. ஆனா சட்டம்னு ஒண்ணு வந்துட்டா அதுக்குக் கேசுன்னு ஒண்ணு வேணுமாமே. மாசாமாசம் மேல இருந்து, ‘உங்க ஸ்டேஷன்ல ஏன் கேசு கொறையுது?’ன்னு கடுதாசி வருமாம். கேசு வேணும்னா யாரைத் தேடறது? நேத்து வரைக்கும் பனை ஏறிக் கள்ளு எறக்குனவனைத் தேடுனாப் போச்சு. பனைமரத்தடியில நின்னு பாலைக் குடிச்சாலும் கள்ளுன்னுதானே சொல்லுவாங்க!

அந்த வாரம் திங்கக்கெழமை பொழுதோட ஏட்டையா கடைக்கு வந்தாரு. கையில மூணு வெள்ளைத் தாளு. “நாளைக்குச் சந்தை. உனக்கும் சோலி, எனக்கும் சோலி. எதுக்கும் இப்பவே அடியில போட்டு வெச்சுரு”ன்னாரு. ஒரு எழுத்துக்கூட இல்லாத தாளுங்க. மேல எழுதறதுக்கு வாகா எடம் விட்டு, மூணுலயும் போட்டேன். போட்டுட்டு, ஒரே அளவா இருக்குதான்னு தள்ளி வெச்சு வேற பாத்தேன். அட கெரகமே, இப்ப நெனச்சாலும் அந்தக் கையை இஸ்திரிப்பெட்டிக்குள்ள விடலாமான்னு இருக்குது.

மக்காநாளு சந்தை. கடையில நிக்க எடமில்லே. அந்தக் கூட்டத்துல ஒரு மனுசன், கக்கத்துல துணியை வெச்சுக்கிட்டு, ஓரமா ஒதுங்கி நின்னுட்டு இருந்தாரு. நாப்பத்தஞ்சு வயசு இருக்கும். மரமேறி. மாரைப் பாத்தாலே தெரியும், மரத்தை அணைச்சு அணைச்சு நடுநெஞ்சுல தோலு காப்புக் காச்சுப் போயிருந்துச்சு. கள்ளு நின்னதுக்கப்பறம் கூலிக்குக் கெணறு வெட்டப் போயிட்டிருந்தாரு.

“தையக்காரண்ணா, ஒரு சட்டைங்க.”

“யாருக்கப்பா?”

“எனக்குத்தானுங்க.” சொல்லும்போதே வெக்கம் வந்துருச்சு அவருக்கு. “புள்ளைக்கு வார மாசம் கண்ணாலம். மாப்பளை ஊரு ஆத்தூருப் பக்கம். அங்கெல்லாம் சட்டை போட்டுத்தான் நிப்பாங்களாமாங்க. நான் இதுவரைக்கும் போட்டதில்லீங்க.”

டேப்பை மாரைச் சுத்திப் போட்டதும் கூசிக் கூசிச் சிரிக்கிறாரு. “அசையாம நில்லப்பா, அளவு தப்பிப் போகும்”னு ஒரு அதட்டுப் போட்டேன். முப்பத்தாறு. மெலிஞ்ச ஆளு, ஆனா மாரு முப்பத்தாறு. பாக்கெட்டு வேணுமான்னு கேட்டேன். “வெச்சிருங்க. போடறதுக்கு ஒண்ணுமில்லீனாலும் அது பாட்டுக்கு இருக்கட்டும்”னாரு. கடையே சிரிச்சுது. கை நீளம் எடுத்துட்டு இருக்கும்போதுதான் எதுத்தாப்புல தண்டவாளத்தை அடிச்சாங்க. அந்த மனுசன் கையை நீட்டுன வாக்குலயே ஒண்ணு, ரெண்டுன்னு வாய்விட்டு எண்ணுனாரு. பதினொண்ணு. “அடேங்கப்பா, பதினொண்ணு ஆயிருச்சுங்களா, நான் கயிறு வாங்கோணுமே”ன்னு துணியை எங்கிட்டக் குடுத்துட்டுச் சந்தைக்குள்ள போனாரு. நான் நோட்டுல பென்சில்ல எழுதிக்கிட்டேன்.

உச்சி சாஞ்சு கொஞ்ச நேரத்துல ஸ்டேஷன்ல ஏதோ சத்தம். நான் தலையைத் தூக்கிப் பாக்கலே. சந்தை நாள்ல ஸ்டேஷன்ல சத்தம் வாரது புதுசா என்ன?

பொழுது சாய ஏட்டையா வந்தாரு. நான் ஒரு ரவிக்கைக்குக் கை வெச்சுத் தச்சுட்டு இருந்தேன். கிட்ட வந்து, மெதுவா, ஊட்டு விசேசம் சொல்ற மாதிரி சொன்னாரு.

“தையக்காரரே, காலைல பதினோரு மணிக்கு நீ எங்கூட ஓடைக்கரைப் பனந்தோப்புல இருந்தே. ஒரு ஆளு, ஒரு கலயம் கள்ளு. ஞாபகம் வெச்சுக்க.”

“யாருங்க ஆளு?”

மோவாக்கட்டையாலயே ரோட்டுக்கு அந்தப் பக்கம் காட்டுனாரு. லாக்கப் கம்பிக்குப் பின்னால, வாங்குன கயிறு தோள்ல கெடக்க, அந்த மனுசன் நின்னுட்டு இருந்தாரு. ஊசி நகக்கண்ணுல எறங்கிருச்சு எனக்கு. வலி அப்பத் தெரியலே.

“ஏட்டையா, பதினோரு மணிக்கு அந்தாளு இங்க, எங்கடையில...”

அவரு கோவிச்சுக்கலே. கோவிச்சிருந்தாத் தேவலாம். தோள்ல கையை வெச்சாரு. “அப்படியா? அப்பச் சரி. மகஜர்ல பொய்க் கையெழுத்துப் போட்டது நீதான்னு ஆகுது. பொய்ச்சாட்சிக்கு ஏழு வருசம் வரைக்கும் போடலாம். நான் சொல்லலப்பா, சட்டம் சொல்லுது.” நான் தச்ச ரவிக்கையைத் தூக்கிப் பாத்துட்டுக் கீழ வெச்சாரு. அப்பறம், “கைக்கொழந்தைக்குச் சளி புடிச்சிருந்துச்சே, தேவலையா?”ன்னு கேட்டாரு.

தேவலைங்கன்னேன்.

அவரு போனதும் நோட்டுல அந்தப் பக்கத்தைக் கிழிச்சேன். மாரு முப்பத்தாறு, பாக்கெட்டு ஒண்ணு. இஸ்திரிப்பெட்டி மூடியைத் தொறந்து, கரி நெருப்புல போட்டேன். ஒரு நிமிசங்கூட ஆகலே, சாம்பல். யாரு போடச் சொன்னா? யாருமே சொல்லலீங்க! ஏட்டையாவுக்கு அப்படியொரு நோட்டு இருக்கறதே தெரியாது. என் பயத்துக்கு ஒருத்தரும் சொல்லித் தர வேண்டியதில்லே, அதுவே எல்லாச் சோலியும் பாத்துக்கும்.

புடிச்ச ஆளை ஒரு நாளைக்குள்ள மாஜிஸ்ட்ரேட்டு முன்னாடி நிறுத்தோணும்னு சட்டமாம். இவரைச் சனிக்கெழமைதான் கொண்டு போனாங்க. நடுவுல மூணு நாளு எந்தச் சட்டத்துல போச்சுன்னு எங்கூர்ல யாரும் கேக்கலே. அந்த மூணு நாளும் அவரு கம்பிகிட்ட நின்னு என்னைக் கூப்புட்டாரு. திட்டலீங்க. “தையக்காரண்ணா, சித்த வந்து சொல்லிட்டுப் போங்கண்ணா. நான் உங்ககிட்டத்தானுங்க நின்னுட்டிருந்தேன்.” ஏதோ ஆளு தெரியாமப் புடிச்சுட்டாங்க, நான் போயி ஒரு வார்த்தை சொன்னா விட்டுருவாங்கன்னு நெனச்சிருக்கறாரு. நான் மிஷினையே திருப்பிப் போட்டுட்டேன். முதுகு ரோட்டுப் பக்கம். வெளிச்சம் பின்னால இருந்து விழுந்து, தையலு கோணிக் கோணிப் போச்சு. திருப்பிப் போட்டா மட்டும் காது கேக்காதா? மூணாம் நாளு சாயங்காலம் அவரு கூப்புடறதை நிறுத்திட்டாரு. அது இன்னும் மோசமா இருந்துச்சு. என்ன பண்ணுனாங்களோன்னு நெனச்சு நடுங்குனேன், ஆனா திரும்பிப் பாக்கலே.

சனிக்கெழமைக்கப்பறம் சப்-ஜெயிலுக்குக் கொண்டு போயிட்டாங்க. அடுத்த சந்தைக்கு அவரு பொஞ்சாதி வந்துச்சு. கூட்டம் கலையற வரைக்கும் எதுத்த வேப்பமரத்தடியில ஒக்காந்திருந்துட்டு, அப்பறம் வந்து நின்னுச்சு.

“அண்ணா, எங்கூட்டுக்காரரு துணி குடுத்தாராமே, அது உங்ககிட்டத்தானுங்களே இருக்குது? அதைக் காட்டி நீங்க ஒரு வார்த்தை சொன்னாப் போதும்னு அவரு சொல்லச் சொன்னாரு. வக்கீலு வெக்க எங்களுக்கு வக்கில்லீங்க. கண்ணாலத்துக்குப் பதினெட்டு நாளுதான் இருக்குது. அப்பன் ஜெயில்ல இருக்கறான்னு தெரிஞ்சா மாப்பளை ஊட்டுக்காரங்க வர மாட்டாங்கண்ணா.”

நான் ரோட்டைத்தான் பாத்தேன். ஏட்டையா ஸ்டேஷன் படியில நின்னு பல்லுக் குத்திட்டு இருந்தாரு. எங்களைப் பாத்துட்டு இருந்தாரோ, சும்மா நின்னாரோ, சாமி சத்தியமா எனக்குத் தெரியாது. துணியை எடுத்து அந்த அம்மணி கையில திணிச்சேன். “எடுத்துட்டுப் போயிரும்மா. இங்க நிக்காதே.” அது நான் ஒதவறேன்னு நெனச்சுக்கிச்சு. துணியைக் கண்ணுல ஒத்திக்கிட்டு, “நீங்க நல்லா இருக்கோணும் சாமி”ன்னு சொல்லிட்டுப் போச்சு. துணியும் கடையை உட்டு வெளியே போயிருச்சுன்னு எனக்கு அப்ப நிம்மதியா இருந்துச்சு. அந்த நிம்மதியைத்தான் என்னால இன்னும் மன்னிக்க முடியலே.

ஊட்டுக்காரிகிட்டச் சொன்னேன். அவ கேட்டுட்டு, மொறத்தைக் கீழ வெச்சா. “நீங்க வாயைத் தொறந்தீங்கன்னா அவரு வெளிய வருவாரு, நீங்க உள்ள போவீங்க. மூணு கொழந்தைகளை வெச்சுக்கிட்டு நான் எங்க போயி நிக்கட்டும்?”னு கேட்டா. நான் அவ மேல பழி போடறதுக்கு இதைச் சொல்லலே. அவ ‘போயிச் சொல்லுங்க’ன்னு சொல்லியிருந்தாலும் நான் வேற ஏதாச்சும் சாக்குத் தேடியிருப்பேன். அவ குடுத்த சாக்கு கைக்கு வாகா இருந்துச்சு, எடுத்துக்கிட்டேன்.

கேசு அன்னைக்குக் காலைல பஸ்ஸுல ஏட்டையா என்னைப் பக்கத்துலயே ஒக்கார வெச்சுக்கிட்டாரு. அந்தப் பக்கம் வெத்தலைக்கடைக்காரரு. வழி நெடுக வாய்ப்பாடு ஒப்பிக்கிற மாதிரி ஒப்பிச்சோம். மணி பதினொண்ணு. ஓடைக்கரை. மண்கலயம் ஒண்ணு. சுண்ணாம்பு தடவலே, அதனால பதனி இல்லே, கள்ளுதான். நொரை பொங்கியிருந்துச்சு. நெடி அடிச்சுது. ஓட்டலுக்குக் கூட்டிட்டுப் போயி இட்டிலி வாங்கிக் குடுத்தாரு. நான் பிச்சுப் பிச்சு எலையிலயே வெச்சேன். “பயப்படாதே, அவனுக்கு வக்கீலு இல்லே. உன்னை யாரு கேள்வி கேக்கப் போறா?”ன்னு ஏட்டையா சொன்னாரு.

அதைக் கேட்டதும் மனசுக்குள்ள ஒரு ஒப்பந்தம் போட்டுக்கிட்டேன். யாராச்சும் நேருக்கு நேரா, ‘அன்னைக்கு இந்தாளு உன் கடையில இருந்தானா?’ன்னு கேட்டா, வாரது வரட்டும், உள்ளதைச் சொல்லிப்போடறது. கேக்கலீன்னா எம்மேல குத்தமில்லே. யாரும் கேக்க மாட்டாங்கன்னு தெரிஞ்சுக்கிட்டே போட்ட ஒப்பந்தம், பாத்துக்குங்க. சாமிக்கே நாமம் போடற புத்தி.

கோர்ட்டுக் கச்சேரி வராந்தாவுல அந்த அம்மணி ஒக்காந்திருந்துச்சு, மடியில அதே துணி. சேவகன் உள்ள விட மாட்டேன்னுட்டானாம். என்னைப் பாத்ததும் எந்திரிச்சு நின்னுச்சு. நான் குனிஞ்ச தலை நிமிராம உள்ள போயிட்டேன்.

வெத்தலைக்கடைக்காரரு முதல்ல ஏறி மளமளன்னு ஒப்பிச்சுட்டு எறங்குனாரு. அப்பறம் நான். கூண்டுல ஏறுனதும் காலு தானா ஆட ஆரம்பிச்சுது, மிஷினை மிதிக்கிற மாதிரி. மாஜிஸ்ட்ரேட்டு வயசானவரு, கண்ணாடியை மூக்கு நுனியில போட்டுக்கிட்டு எழுதிட்டே இருந்தாரு. கேட்டதுக்கெல்லாம் சொன்னேன். மணி, ஓடைக்கரை, கலயம், நொரை. வாயி பாட்டுக்குச் சொல்லுது. கண்ணு மட்டும் எதுத்தாப்புல நிக்கிற அந்த மனுசன் மேல போயிருச்சு. தொழிலு புத்தி, என்ன பண்றது? மாரு முப்பத்தாறு இருந்தது முப்பத்திரெண்டுகூட இருக்காது. எலும்பு தெரிஞ்சுது. நான் எடுத்த அளவுக்குச் சட்டை தச்சிருந்தா, அது அவரு மேல தொங்கும்.

மாஜிஸ்ட்ரேட்டு அவரைப் பாத்து, “சாட்சியை ஏதாச்சும் கேக்கோணுமா?”ன்னாரு. வழக்கத்துக்குக் கேக்கறது. வக்கீலு இல்லாதவன் என்ன கேக்கப் போறான்? அடுத்த கேசுக் கட்டைக் குமாஸ்தா எடுத்துட்டாரு.

“ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேனுங்க சாமி”ன்னு அந்த மனுசன் சொன்னாரு. எம்பக்கம் திரும்புனாரு. மொகத்துல கோவமே இல்லீங்க. தெரிஞ்ச ஆளைப் பாத்த சந்தோசந்தான் இருந்துச்சு. “தையக்காரண்ணா, அன்னைக்குப் பதினோரு மணி அடிக்கையில எனக்கு நீங்கதானுங்களே கை அளவு எடுத்துட்டு இருந்தீங்க? நாங்கூட எண்ணுனேனே?”

நேருக்கு நேரா. நான் ஒப்பந்தம் போட்ட அதே கேள்வி.

மாஜிஸ்ட்ரேட்டு பேனாவைக் கீழ வெச்சாரு. மொத மொதல்ல அப்பத்தான் என்னை நிமிந்து பாத்தாரு. ஏட்டையா இருமுனாரு. எங்கொழந்தைக மூணும் கண்ணுக்கு முன்னால வந்து நின்னுச்சு. அந்த லாக்கப் கம்பி வந்துச்சு. கம்பிக்குப் பின்னால நானே நின்னுட்டு இருந்தேன்.

“இல்லீங்க”ன்னேன்.

“யோசிச்சுச் சொல்லு”ன்னாரு மாஜிஸ்ட்ரேட்டு. நல்ல மனுசன். புடிச்சுக் கரையேறறதுக்கு ஒரு கயிறு போட்டாரு எனக்கு. “இந்தாளு அன்னைக்கு உன் கடைக்கு வந்தானா, இல்லையா?”

“வரலீங்க.” ரெண்டாந்தடவை ரொம்பச் சுளுவா வந்துருச்சு.

அந்த மனுசன் என்னையே பாத்துட்டு நின்னாரு. இப்பத் திட்டுவாரு, மண்ணை வாரித் தூத்துவாரு, ‘உம்புள்ளை குட்டி வெளங்குமா’ன்னு கத்துவாருன்னு காத்திருந்தேன். சத்தியமாச் சொல்றேன், அப்படிக் கத்தியிருந்தா நான் ஒடஞ்சு உள்ளதைக் கொட்டியிருப்பேன். அவரு நெத்தியைச் சுருக்கி, எதையோ கணக்குப் போட்டாரு. வெரலை மடக்கி மடக்கிப் பாத்தாரு. செவ்வாயி, அதுக்கு முந்துன செவ்வாயின்னு வாயி முணுமுணுத்துச்சு. மூணு நாளு லாக்கப்புல கெடந்த ஒடம்பு, மூணு வாரம் ஜெயில்ல கெடந்த புத்தி.

அப்பறம் மாஜிஸ்ட்ரேட்டைப் பாத்துக் கையெடுத்துக் கும்பிட்டாரு.

“தப்பா நெனச்சுக்காதீங்க சாமி. எனக்குத்தான் நாளு மாறிப் போச்சாட்ட இருக்குது. அது வேற சந்தையா இருக்குமுங்க. தையக்காரண்ணன் பொய் சொல்ல மாட்டாருங்க.”

மாஜிஸ்ட்ரேட்டு பேனாவைத் திருப்பி எடுத்து, அதை அப்படியே எழுதிக்கிட்டாரு. எழுதி முடிச்சுட்டு, ஆறு மாசம்னாரு.